எண்களுக்கு வாயசைத்தவள்

எங்கள் படங்களில் கொலைகாரனுக்கு முகம் கிடையாது. கறுப்புக் கையுறை மட்டும்தான். எழுபத்திரண்டில் ரோம் நகரத்துக் கையுறைகளில் பாதிக்கு நான்தான் குரல்.

படப்பிடிப்பில் யாரும் ஒலியைப் பதிவதில்லை. வசனம் மறந்தால் நடிகர்கள் ஒன்று, இரண்டு என்று எண்ணி வாயசைப்பார்கள். அந்த உதட்டுக்குப் பொருந்தும் வசனத்தை நாங்கள் டப்பிங் அறையில் பேசி நிரப்புவோம். நாயகி லொரெதானா படம் முழுக்க எண்ணிவிட்டு, மறுநாளே கணவரை விட்டுத் தூரின் நகரத்துக்குப் போய்விட்டாள். கணவர்தான் டைரக்டர் குவால்தியேரோ. அவளுக்குக் குரல் கொடுக்க வந்தவள் நிவேஸ். வரும் செப்டம்பரில் எனக்கும் அவளுக்கும் கல்யாணம் என்று நிச்சயமாகியிருந்தது.

ஒரு ஜன்னல் காட்சிக்கு டப்பிங்கே மூன்று வாரம் ஓடியது.

"நிவேஸ் கண்ணு, அவ இப்படி மூச்சு விடமாட்டா. தயாரிப்பாளர் உன்ன மாத்தச் சொல்றாரு. நான்தான் உனக்காக மல்லுக்கட்டுறேன்," என்பார் குவால்தியேரோ.

தயாரிப்பாளர் ஒரு மாதமாகக் கடற்கரையில் படுத்திருந்தார். அவர் சொல்வது பொய் என்று நிவேஸிடம் சொன்னேன்.

"பொறாமைடா உனக்கு, எர்கோலே," என்றாள். "கையுறைக்குப் பேசுறவனுக்கு மூச்சப் பத்தி என்ன தெரியும்?"

சண்டையில்கூட ஒவ்வொரு வாக்கியத்துக்கு முன்னாலும் நின்று மூச்சு வாங்கினாள். முன்பெல்லாம் மூச்சே விடாமல்தான் திட்டுவாள்.

வெள்ளிக்கிழமை குவால்தியேரோ புது வசனம் நீட்டினார்: "நான் உன்ன விட்டுப் போகல, குவால்தியேரோ." கதையில் நாயகன் பெயர் பாவ்லோ. ஆனால் திரையில் லொரெதானாவின் உதடு அந்த வசனத்துக்கு அச்சாகப் பொருந்தியது.

அப்போது நடையில் தொலைபேசி அடித்தது. நான்தான் எடுத்தேன்.

"அவரு இருக்காரா?"

"நிவேஸ், விளையாடாத. எங்கேருந்து பேசுற?"

"நிவேஸா? நான் லொரெதானா. இனிமே வரமாட்டேன், கடிதம் போட வேண்டாம்னு அவர்கிட்ட சொல்லிடுங்க."

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிவேஸ் மைக் முன்னால் நின்றுகொண்டிருந்தாள்.

பதிவு ஓடும்போதே கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன்.

"லொரெதானா பேசினாங்க. இனிமே வரமாட்டாங்களாம். நிவேஸ், கிளம்பு. வேற வேலை பாத்துக்கலாம்."

குவால்தியேரோ திரும்பவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். நிவேஸ் என்னைப் பார்த்தாள். வழி கேட்க வந்த ஆளைப் பார்ப்பதுபோல. பிறகு மைக் பக்கம் குனிந்து, நின்று, மூச்சு வாங்கினாள்.

"வந்துட்டேனே," என்றாள் அவரிடம்.

குவால்தியேரோ கண்ணை மூடிக்கொண்டு ஒலிப்பதிவாளரிடம் சொன்னார்:

"இத வச்சுக்கோ. இவன் சத்தத்த மட்டும் வெட்டிடு."