நாற்பதாம் நாள் தாள்

1

"நீயா இருந்தா எதை வச்சிருப்ப, முதல்ல எடுத்ததையா, ரெண்டாவதையா?"

எங்கள் ஊர் மன்றத்தின் மாடி அறையில் தங்கியிருந்த ஒளிப்பதிவாளர் நெவ்யானா ஒருமுறை என்னிடம் கேட்டாள். நான் தலையை மட்டும் ஆட்டினேன். எந்தப் பக்கம் என்று நினைவில்லை. இந்தக் கதை அதிலிருந்துதான் வந்தது.

2

முதல் தொடக்கம்: நெவ்யானா ஆவணப்படங்களில் தொடங்கினாள். சுரங்கம், வெள்ளம், தேர்தல்...

(வேண்டாம். வேலைக்கு விண்ணப்பம் போட்டதுபோல் இருக்கிறது.)

இரண்டாவது: பல வருடம் கதைப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்துவிட்டு, ரொடோப் மலையில் எங்கள் ஊருக்கு ஆவணப்படம் எடுக்க வந்தாள். ஊர்க்காரி ஸ்லாத்காவின் கணவன் இறந்த நாற்பதாம் நாள். எங்கள் ஊர் வழக்கப்படி அன்றைக்கென்று அச்சடித்த புதிய மரண அறிவிப்பை அவள் வாசல் கதவில் ஒட்டினாள். கை நடுங்கியது. தாளில் இருந்த அவன் முகத்தைத் தடவினாள். அந்த நேரம் பார்த்து மேகம் வெயிலை மூடியது.

"இன்னொரு தடவை போலாமா" என்றாள் நெவ்யானா. நடிகைகளிடம் சொல்லிச் சொல்லிப் பழகிய வாய்.

சொன்ன பிறகுதான் அவளுக்கு

(இதை முடிக்கத் தெரியவில்லை.)

3

ஸ்லாத்கா ஈரத்தாளை உரித்தாள். ஓரம் கிழிந்தது.

"உசிரோட இருந்தப்பவும் இந்த மனுஷனுக்கு எதையும் ரெண்டு தடவ சொல்லணும். வெயில் வந்துச்சா பாரும்மா."

"வேணாங்க்கா. தெரியாம சொல்லிட்டேன்."

"உரிச்சாச்சு. எடு."

இம்முறை கை நடுங்கவில்லை. வெளிச்சத்தில் கண்ணீர் சரியான இடத்தில் இறங்கியது.

(இங்கே அவளைச் சந்தேகப்பட்டேன். கேலி பேசிவிட்டு அழுதால் அது நடிப்பா? அடித்து அடித்து எழுதும் நான் இதைக் கேட்கலாமா?)

4

இயக்குநருக்கு இரண்டாவதுதான் வேண்டும். "முதல்ல எடுத்ததுல வெறும் இருட்டுதான் இருக்கு."

"அதுலதான் அவங்க இருக்காங்க" என்றாள் நெவ்யானா.

கடைத்தெருவில் ஸ்லாத்கா அவளைப் பிடித்துக்கொண்டாள். "படம் பாக்க வருவேன். அவர வழியனுப்பினத வச்சிருக்கியா, உனக்குச் செஞ்சு காட்டினத வச்சிருக்கியான்னு."

அன்றைக்குத்தான் நெவ்யானா என்னிடம் கேட்டாள். நான்தான் தலையை ஆட்டினேனே.

5

முடிவு ஒன்று: மன்றத்தில் முதலாவது ஓடுகிறது. இருட்டில் நடுங்கும் தன் கையை ஊரே பார்ப்பதை ஸ்லாத்கா பார்க்கிறாள். எழுந்து போகிறாள்.

முடிவு இரண்டு: இரண்டாவது ஓடுகிறது. "நடிகை தோத்தா போ" என்கிறாள் பக்கத்தில் இருப்பவள். ஸ்லாத்கா எழுந்து போகிறாள்.

மூன்றாவதில் அவளை உட்காரவைத்துப் பேசவைக்கப் பார்த்தேன். "நீ என்னை..." என்று தொடங்கினாள். மேலே எழுத வரவில்லை. அந்த முடிவை அடித்துவிட்டேன்.

எது ஓடியது என்பதை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்த எனக்கு வாசல் மட்டும் தெரியும். படத்தின் சுவரொட்டியில் ஒரு மூலை பசை விட்டுத் தொங்கியது. வெளியே வந்த ஸ்லாத்கா நின்று, கட்டைவிரலால் அதை அழுத்தி ஒட்டினாள். நெவ்யானா பின்னால் ஓடி வந்து நின்றாள். ஸ்லாத்கா திரும்பி அவளைப் பார்த்தாள். பிறகு படியிறங்கிப் போய்விட்டாள்.