திரும்பி வந்த தபால்

மாநகரசபைக் கவுண்டர் மூட இன்னும் பதினெட்டு நிமிடம். மேன்முறையீட்டுக்குக் கடைசி நாளும் அன்றுதான். கனகேஸ்வரி விண்ணப்பத்தைக் கண்ணாடிக்குக் கீழே தள்ளினாள். உள்ளே இருந்த கிளார்க் ரிஷாத் அதைத் தொடக்கூட இல்லை.

"லைசன்ஸ் யார்ட பேர்ல ஈக்கி?"

"நவரத்தினம். என்ர அவர்."

"அப்ப அவர் வரணும். இல்லாட்டி அவர்ட சைனாவது வேணும். உங்கட சைன் செல்லாது மேடம்."

திங்கட்கிழமை காலை கொட்டாஞ்சேனையில் அவளுடைய கடைக் கதவில் ஒரு தாளை ஒட்டிவிட்டுப் போயிருந்தார்கள். உணவுக் கடை லைசன்ஸ் ரத்து. காரணம், பொரித்த எண்ணெயை வடிகானில் ஊற்றியது. அவள் கடையில் விற்பது இடியப்பம், பிட்டு, சொதி, சம்பல். பொரிக்கிற தாச்சியே கிடையாது. எண்ணெய் ஊற்றுகிறவன் யாரென்று அந்த ஒழுங்கையில் பூனைக்குக்கூடத் தெரியும். ஒரு தடவை உள்ளே எட்டிப் பார்த்திருந்தால், ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும்.

"ஒரு வார்த்தை விசாரிக்காமல் எப்பிடித் தம்பி வெட்டினனீங்கள்?"

"விசாரணைக்குக் கூப்பிட்டமே! ரெஜிஸ்டர் தபால்ல. நவரத்தினம் வரல்ல."

ஃபைலைத் திறந்து காட்டினான். விலாசம் தெரிய ஒரு கடித உறை குத்தியிருந்தது. கனகேஸ்வரி கண்ணாடியோடு முகத்தை ஒட்டிப் பார்த்தாள். அந்த உறையை அவளுக்குத் தெரியும். இரண்டு மாதத்துக்கு முன் தபால்காரர் அதை நீட்டியபோது, பிட்டு மா கையோடு, "அவர் செத்து ஆறு வருஷமாச்சு, திருப்பி அனுப்புங்கோ" என்று சொன்னவள் அவள்தான். அவர் பெயருக்கு வரும் எதையும் வாங்குவதில்லை. ஆனால் லைசன்ஸில் மட்டும் அந்தப் பெயரை எடுக்கவில்லை. எடுத்தால் கடையின் ராசி போய்விடும் என்று பயம். வருடா வருடம் அவர் கையெழுத்தை அவளே போட்டுப் புதுப்பித்துவந்தாள்.

துணைக்கு வந்திருந்த பக்கத்து ஃபோன் கடை ஹியூபேட் விண்ணப்பத்தைத் திரும்ப உருவி எடுத்து, அவளைச் சுவரோர வாங்கில் உட்காரவைத்தான்.

"போடுங்க அக்கா! ஆறு வருஷமா போட்ட கைதானே? அண்ணன் மேலயிருந்து கோவிக்கவா போறார்?"

பேனாவை எடுத்தாள். 'ந' வந்துவிட்டது. அடுத்த எழுத்தில் கை நின்றது. இன்றைக்குப் போடலாம். நாளைக்கு அவரை நேரில் விசாரணைக்குக் கூப்பிட்டால்? உண்மையைச் சொன்னாலோ ஆறு கையெழுத்தும் வெளியே வரும். லைசன்ஸ் அதற்காகவே போகலாம்; பொலிஸும் வரலாம். அந்தக் கடையை விட்டால் அவளுக்கு வேறு பிழைப்பில்லை. கடிகாரத்தில் இன்னும் ஏழு நிமிடம்.

எழுந்து கவுண்டருக்குப் போனாள்.

"தம்பி, அந்த என்வலப்பின்ர பின்பக்கத்தைப் பாருங்கோ."

"ஏன்?"

"பாருங்கோ எண்டுறன்."

சிவப்பு மையில் தபால்காரரின் எழுத்து: ஆள் இறந்துவிட்டார். ரிஷாத் இரண்டு தரம் வாசித்தான்.

"இத... யாரும் பாக்கல்ல."

"செத்த ஆளைக் கூப்பிட்டுப்போட்டு வரேல்லை எண்டு வெட்டியிருக்கிறியள். கடை நடத்துறது நான். அவற்ர சைனை வச்சதும் நான்தான். அதையும் எழுதுங்கோ, அதுக்கு வாறது வரட்டும். ஆனா எண்ணெய்க் கதையில நான் வாய் திறக்க வேணும்."

"அம்மோ..." பின்னால் ஹியூபேட் தலையில் கை வைத்தான்.

ரிஷாத் குரலைத் தாழ்த்தினான். "மேடம், இப்பிடிச் சென்னா ரெண்டுலயும் மாட்டுவீங்க."

"தெரியும். எழுதுங்கோ."

அவன் எழுதினான். ஃபைலைத் தூக்கிக்கொண்டு உள்ளே, பெரிய அதிகாரியின் மேசைக்குப் போனான். மணி மூன்று. பியோன் வந்து கவுண்டரின் இரும்புத் தட்டியைக் கீழே இழுத்தார். பாதி இறங்கியபோது உள்ளேயிருந்து ஒரு குரல், நிறுத்தச் சொல்லிச் சிங்களத்தில் அதட்டியது.

"நவத்தன்ன!"

பியோனின் கை அப்படியே நின்றது. கனகேஸ்வரி குனிந்து பார்த்தாள். ஒரு முழ இடைவெளியில் மேசையின் விளிம்பும், அதன்மேல் திறந்து கிடந்த ஃபைலும், ஒவ்வொரு தாளாகப் புரட்டிக்கொண்டிருந்த இரண்டு கைகளும் தெரிந்தன. முகம் தெரியவில்லை.