சித்லாலியின் பெற்றோருக்கு ஒரு மொழிபெயர்ப்பாளர்

சித்தார்த்தனும் லாலினியும் பிரிந்து இரண்டு வருடமாகிறது. பிரிந்தார்கள் என்றால் பெரிய தூரம் ஒன்றும் இல்லை. அவன் ஒஸ்லோ நகரத்துப் புருசெத்தில் பழைய வீட்டிலேயே இருந்தான். அவள் சுரங்க ரயிலில் ஒரே ஒரு தரிப்பு தள்ளி எல்லிங்ஸ்ருட்டில் வீடு எடுத்தாள். சாமான் பிரித்ததிலும் சண்டை வரவில்லை. இடியப்ப உரல் அவளுக்கு, மாவரைக்கும் மெசின் அவனுக்கு, பத்து வயது மகள் ஒரு கிழமை ஏழு நாளும் இங்கே, அடுத்த கிழமை அங்கே. பிரிக்க மறந்துபோனது மகளின் பெயரை மட்டும்தான்.

மகளின் பெயர் சித்லாலி. யாழ்ப்பாணத்துச் சனம் பிள்ளைக்குப் பெயர் வைக்கும் விதம் தெரிந்தவர்களுக்கு இதில் விளக்க ஒன்றும் இல்லை. தகப்பன் பெயரில் ஒரு துண்டு, தாய் பெயரில் ஒரு துண்டு, இரண்டையும் ஒட்டினால் பெயர் தயார். அதற்கு என்ன அர்த்தம் என்று கேட்பவனுக்கு வேறு வேலை இல்லை என்று அர்த்தம். சித்தார்த்தனில் சித், லாலினியில் லாலி. கொழும்பில் இருந்த எண்சாத்திரக்காரர் ஒருவர் மட்டும் தொலைபேசியில் குறுக்கே விழுந்து, இங்கிலீசில் எஸ் எழுத்தில் தொடங்கினால் பிள்ளைக்கு வெளிநாட்டு யோகம் இல்லை, சி போடுங்கள் என்றார். ஒஸ்லோ ஆஸ்பத்திரியில் பிறந்து மூன்று நாளான பிள்ளைக்கு இனி எந்த வெளிநாடு என்று ஒருவரும் கேட்கவில்லை. மரியாதையாகச் சி போட்டார்கள்.

பிரிந்த பிறகு, யாரும் கூடிப் பேசி முடிவெடுக்காமலே, அந்தப் பெயரும் கிழமைக் கணக்கில் போகத் தொடங்கியது. புருசெத்தில் அவள் சித்து, எல்லிங்ஸ்ருட்டில் லாலி. முழுப்பெயர் பள்ளிக்கூடத்தில் மட்டும் புழங்கியது. சித்தார்த்தனுக்கு அந்த முழுப்பெயரில் ஒரு பிடிப்பு இருந்தது. தன் பெயரும் லாலினியின் பெயரும் இன்னும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கும் இடம் உலகத்தில் அது ஒன்றுதான் என்று நினைப்பான். யாரிடமும் சொல்ல மாட்டான்.

அந்த ஒக்டோபரில் பள்ளிக்கூடத்துக்கு யூலியா என்று ஒரு புது வகுப்பாசிரியை வந்தாள். இளம் பெண். எல்லாவற்றிலும் ஆசை. ஒவ்வொரு பிள்ளையும் தன் பெயரின் அர்த்தத்தையும் அது எங்கிருந்து வந்தது என்பதையும் எழுதிக்கொண்டு வர வேண்டும், வகுப்புச் சுவரில் ஒட்டப் போகிறோம் என்றாள். அது சித்தார்த்தனின் கிழமை. அவன் மீன் பொரித்துக்கொண்டிருந்தபோது மகள் வந்து கேட்டாள். அவன் கரண்டியோடு நின்றபடியே, சித் எங்கிருந்து வந்தது, லாலி எங்கிருந்து வந்தது என்று பெருமையாகச் சொன்னான்.

சித்லாலி பென்சிலைக் கீழே வைத்தாள்.

"அப்ப இப்ப அதுக்கு அர்த்தம் இல்லைத்தானே, அப்பா?"

"ஏன் இல்லை?"

"நீங்கள் ரெண்டுபேரும் இப்ப ஒண்டா இல்லையே."

அன்றைக்கு மீன் கருகிப்போனது.

அடுத்த நாள் பின்னேரம் அவள் கணினியோடு ஓடிவந்தாள். "அப்பா, என்ரை பேருக்கு அர்த்தம் கிடைச்சிட்டுது. இது மெக்சிக்கோப் பேர். நாவாத்ல் எண்டு ஒரு பாசை. அஸ்ரெக் ஆக்கள் கதைச்சது. இப்பவும் பத்துப் பதினைஞ்சு லச்சம் பேர் கதைக்கினமாம். அங்கை பொம்பிளைப் பிள்ளையளுக்கு இந்தப் பேர் வைப்பினம். அர்த்தம் நட்சத்திரம்." திரையில் எழுத்துக்கு எழுத்து அதே பெயர் இருந்தது. எண்சாத்திரக்காரர் தந்த சி கூடச் சரியாக இருந்தது.

மகளின் முகம் அப்படி மலர்ந்து அவன் இரண்டு வருடமாகக் காணவில்லை. ஏன் மலராது. இந்த அர்த்தத்தில் தகப்பனும் இல்லை, தாயும் இல்லை, பிரிவதற்கு ஆளே இல்லை. சித்தார்த்தன் "நல்லது குஞ்சு" என்று சொல்லிவிட்டுக் குளியலறைக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு நின்றான். தன் வீட்டிலிருந்து தன்னையே எழுப்பி வெளியே விட்டதுபோல் வலித்தது.

லாலினிக்கு இதில் வருத்தம் இருந்ததோ தெரியாது. அவள் சனிக்கிழமைகளில் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் படிப்பிப்பவள். அங்கே அதிபர் ஸ்ரீஸ்கந்தராசாவிடம் இந்த விஷயத்தைச் சொல்ல, அவர் கண்ணை மூடி அரை நிமிடம் இருந்துவிட்டு, "நாவாத்ல் இல்லைப் பிள்ளை, நாவாடல். நா ஆடுறது நாவாடல். எங்கடை ஆக்கள்தான் கப்பலிலை கொண்டுபோய் விட்டவை" என்று தீர்ப்புச் சொன்னார். மெக்சிக்கோ முழுவதும் அன்று மத்தியானத்துக்குள் தமிழாகிவிட்டது. லாலினி சிரிப்பை அடக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தாள்.

சிக்கல் பள்ளிக்கூடப் படிவத்தால் வந்தது. வீட்டில் பேசும் மொழி என்ற கட்டத்தில் சித்லாலி தன் கையாலேயே நாவாத்ல் என்று எழுதிக் கொடுத்திருந்தாள். நகரசபையான கொம்யூனிலிருந்து கடிதம் வந்தது. தாய்மொழி படிப்பிக்க நாவாத்ல் ஆசிரியர் எவரும் ஒஸ்லோவில் கிடைக்கவில்லை, மன்னிக்கவும்; ஆனால் வரும் வியாழக்கிழமை பெற்றோர் சந்திப்புக்கு உங்கள் மொழியில் ஒரு மொழிபெயர்ப்பாளர் ஏற்பாடு செய்யப்பட்டுள்ளார் என்றிருந்தது. சித்தார்த்தன் நோர்வேக்கு வந்து இருபத்திரண்டு வருடம். உடனே போன் போட்டு நல்ல நோர்வேஜிய மொழியில் மொழிபெயர்ப்பாளர் வேண்டாம் என்றான்.

"நீங்கள் மிகவும் நன்றாகப் பேசுகிறீர்கள்," என்றாள் மறுமுனையில் இருந்தவள். "ஆனாலும் அது உங்கள் உரிமை."

"எனக்கு அந்த உரிமை வேண்டாம்."

"உரிமையை விட்டுக்கொடுப்பதென்றால் அதை நீங்கள் சரியாக விளங்கிக்கொண்டீர்கள் என்று உறுதிப்படுத்த வேண்டும். அதற்கு ஒரு மொழிபெயர்ப்பாளர் தேவை. அவருக்கு வரும் வியாழக்கிழமை நேரம் இருக்கிறது."

அவன் போனை வைத்தான். உண்மையை யூலியாவிடமே சொல்லிவிடலாம் என்றால் மகள் விடவில்லை. "சொல்லாதேங்கோ அப்பா. வகுப்பிலை எல்லாருக்கும் சொல்லிப்போட்டன். பொய் எண்டு தெரிஞ்சால் நான் இனிப் பள்ளிக்கூடம் போக மாட்டன்." அழுதாள். எல்லிங்ஸ்ருட்டிலும் இதே அழுகை அழுதிருக்கிறாள். அதனால் தாயும் தகப்பனும் இரண்டு வருடத்தில் முதல்தடவையாக ஒரு விஷயத்தில் ஒத்துப்போனார்கள்: வியாழக்கிழமை உண்மையைச் சொல்ல வாயைத் திறப்பதில்லை. ஆனால் சித்தார்த்தன் உள்ளுக்குள் ஒன்று வைத்திருந்தான். மொழியைப் பற்றி எந்தப் பொய்யும் நிற்கட்டும். பெயர் மட்டும் எங்களுடையது என்று அந்த அறையில் ஒருதடவை சொல்லிவிட வேண்டும். நட்சத்திரம் சுவருக்குப் போய்விட்டால் பிறகு அவன் எங்கே போய்த் தன்னைத் தேடுவது.

வியாழக்கிழமை மூவரும் பிள்ளைகளின் சின்னக் கதிரைகளில் முழங்கால் நெஞ்சில் முட்ட உட்கார்ந்தார்கள். எதிரே யூலியா. மேசையில் ஒரு மடிக்கணினி. அதன் திரையில் எலோடியா என்ற பெண், நாற்பத்தைந்து வயது இருக்கும், பூவேலை செய்த சட்டை, வழித்து வாரிய தலை. மெக்சிக்கோவின் மலைக்கிராமம் ஒன்றில் பிறந்து, திருமணம் முடித்து, வட நோர்வேயில் மீன் தொழிற்சாலையில் வேலை செய்பவள். நாவாத்ல் மொழிபெயர்ப்பாளராகத் தன்னைப் பதிந்து பதினொரு வருடமாகிறது என்றும், இன்றுதான் முதல் அழைப்பு என்றும் சொன்னாள். சொல்லும்போதே கண் கலங்கியது. சித்தார்த்தன் நிலத்தைப் பார்த்தான்.

சித்லாலி நன்றாக வாசிக்கிறாள், கணக்கில் கொஞ்சம் கவனம் வேண்டும் என்றாள் யூலியா. எலோடியா அதை நாவாத்லில் நீட்டி முழக்கிச் சொன்னாள். பதினொரு வருடம் அடைத்து வைத்திருந்ததெல்லாம் வந்தது. பெற்றோர் இருவரும் கோயிலில் மந்திரம் கேட்பதுபோல் தலையாட்டினார்கள். பிறகு எல்லோரும் அவர்களைப் பார்த்தார்கள். ஏதாவது சொல்லியாக வேண்டும், நோர்வேஜிய மொழியில் சொல்லவும் முடியாது.

"கணக்கை நான் பாக்கிறன்," என்றான் சித்தார்த்தன் தமிழில்.

திரையில் எலோடியாவின் முகம் ஒரு கணம் நின்றது. அவளுக்கு விளங்கிவிட்டது. இது அவள் மொழி இல்லை, அவள் மொழிக்குப் பக்கத்து மொழியும் இல்லை. சித்லாலி மேசைக்குக் கீழே தாயின் கையை இறுக்கிப் பிடித்தாள். எலோடியா அந்தப் பிள்ளையைப் பார்த்தாள், பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு நோர்வேஜிய மொழியில் சொன்னாள்: "தகப்பன் நன்றி சொல்கிறார்."

அதற்குப் பிறகு எல்லாம் நன்றாகவே நடந்தது, அதாவது முழுப் பைத்தியமாக நடந்தது. யூலியா சொல்வது பெற்றோருக்கு நேரடியாக விளங்கியது. எலோடியா சொல்வது ஒன்றும் விளங்கவில்லை. அவர்கள் சொல்வது எலோடியாவுக்கு விளங்கவில்லை. விளங்காதவள்தான் எல்லோருக்கும் விளக்கிக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூட விழாவுக்கு உங்கள் பாரம்பரிய உணவு ஏதாவது கொண்டுவர முடியுமா என்று யூலியா கேட்டாள். நேரமில்லை, வேலை இருக்கிறது என்று லாலினி தமிழில் சொன்னாள்.

"நாற்பது பேருக்குச் சமைத்துக்கொண்டு வருவார்களாம்," என்றாள் எலோடியா.

"இஞ்சாருங்கோ, என்ன சொல்லுறா இவா?"

லாலினி அவனை, பெண்சாதி புருசனைக் கூப்பிடுவதுபோல், இஞ்சாருங்கோ என்று கூப்பிட்டு இரண்டு வருடம். பிரிந்த பிறகு அவனை எப்படிக் கூப்பிடுவது என்று தெரியாமல், கூப்பிடாமலே கதைத்து வந்தவள். அவளும் அதைக் கவனித்துவிட்டாள் போலிருந்தது, காது சிவந்தது. சித்தார்த்தனுக்கு உடம்பு முழுக்கச் சூடாகியது. "நீர் பேசாமல் இரும். நான் சமைச்சுத் தாறன்," என்றான்.

"தகப்பன் விழாவில் நடனம் ஆடுவாராம்," என்றாள் எலோடியா. யூலியா கைதட்டினாள்.

பிறகு யூலியா கடைசிக் கேள்விக்கு வந்தாள். "சுவருக்காகக் கேட்கிறேன். ஏன் இந்தப் பெயரை வைத்தீர்கள்?"

சித்லாலி தகப்பனைப் பார்த்து மெல்லத் தலையை ஆட்டினாள், வேண்டாம் என்பதுபோல். அவனுக்கு அது தெரிந்தது. தெரிந்தும் திரையைப் பார்த்து, ஒவ்வொரு சொல்லாகத் தமிழில் சொன்னான். "சித் எண்டது நான்." நெஞ்சைத் தொட்டான். "லாலி எண்டது இவா." கையை லாலினியின் பக்கம் நீட்டினான், தொடவில்லை. "நாங்கள் ரெண்டுபேரும் சேர்ந்து வைச்ச பேர்."

எலோடியா இந்தத் தடவை அவசரப்படவில்லை. அவன் கை போன இடங்களை நினைத்துப் பார்ப்பவள்போல் இருந்துவிட்டு, "தகப்பன் சொல்கிறார், பெயரில் முதல் பாதி அவர், மற்றப் பாதி தாய். இருவரும் சேர்ந்து வைத்தார்களாம்," என்றாள்.

ஒரு சொல் பிழை இல்லை. கேட்க வேண்டும் என்று ஆசைப்பட்டது கேட்டுவிட்டது. ஆனால் மகள் தலையைக் குனிந்துகொண்டாள். சித்தார்த்தனுக்குத் தன்னை நினைக்க வெட்கமாக இருந்தது.

"அப்படியென்றால் நட்சத்திரம்?" என்று யூலியா குழம்பினாள். "உங்கள் மொழியில் அது இரண்டு சொல்லா?"

சாப்பாட்டைப் பற்றி எலோடியா என்ன பொய்யும் சொல்வாள். தன் மொழியைப் பற்றிச் சொல்ல மாட்டாள். "இல்லை," என்றாள் உறுதியாக. "ஒரே சொல். நட்சத்திரம்தான். தகப்பன் சொல்லும் இடத்தில் அதை வெட்ட முடியாது. அங்கே த் என்று ஒன்று, ல் என்று ஒன்று, இரண்டு இல்லை. எழுதும்போதுதான் இரண்டு. வாயில் ஒன்று." கமெராவுக்குக் கிட்ட வந்து வாயைத் திறந்து காட்டினாள். நாக்கு நுனி பல்லுக்குப் பின்னால் ஒட்டியிருக்க, காற்று இரண்டு பக்கத்தாலும் வழிந்தது. சூடான தாச்சியில் தண்ணீர்த் துளி விழும் சத்தம்.

யூலியா முயன்றாள், தும்மல் வந்தது. லாலினி இரண்டாம் தடவையிலேயே பிடித்துவிட்டாள். பிடித்துவிட்டு, படிப்பிப்பவளின் குரலில் சித்தார்த்தனிடம் சொன்னாள்: "தமிழிலை தகர மெய்க்குப் பக்கத்திலை லகரம் நிக்கவே நிக்காது. இலக்கணம் விடாது. தெரிஞ்சுகொண்டுதான் வைச்சனாங்கள்."

"கஷ்டமான சத்தம் என்கிறார் தாய்," என்றாள் எலோடியா.

சித்தார்த்தனுக்கு மட்டும் வரவில்லை. நாக்கை மடித்தான், உருட்டினான், மூன்றுதரம் தோற்றான். நாலாம் தரம் சத்தம் வந்தது, கூடவே யூலியாவின் கடதாசிகளில் எச்சிலும் தெறித்தது. சித்லாலி குலுங்கிச் சிரித்தாள். தாயும் சிரித்தாள். ஒரே அறையில், ஒரே நேரத்தில், மூன்றுபேரும். அந்தச் சிரிப்பிலேயே மகள் தன் பெயரை நடுவில் உடையாமல் ஒருதடவை முழுதாகச் சொல்லிப் பார்த்தாள். சரியாக வந்தது. பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுத் தமிழில் கேட்டாள்.

"அப்ப நான் இனி மாறி மாறிப் போகத் தேவையில்லையோ?"

ஒருவரும் ஒருவரையும் பார்க்கவில்லை.

"போகத்தான் வேணும் குஞ்சு," என்றான் சித்தார்த்தன். "வீடு ரெண்டுதான்."

"பேர்தான் ஒண்டு," என்றாள் லாலினி.

சித்லாலி அதை நியாயமாக யோசித்துப் பார்த்தாள். "அது காணாது," என்றாள்.

யூலியா திரையைப் பார்த்தாள். எலோடியா வாயைத் திறந்து, ஒன்றும் கிடைக்காமல் மூடிக்கொண்டாள். இதை வேறு யாரும் மாற்றிச் சொல்லிவிடக் கூடாது என்று சித்தார்த்தனுக்குப் பட்டது.

"அது போதாது என்று சொல்கிறாள்," என்று அவன் சுத்தமான நோர்வேஜிய மொழியில் சொன்னான். யூலியா தலையாட்டியபடியே அதையும் குறித்துக்கொண்டாள்.