எனக்கும் கேட்கவில்லை

லிஃப்ட் பராமரிக்கும் அந்த நிறுவனத்தில் அவளை எல்லோரும் 'அமைதி அக்கா' என்றுதான் கூப்பிடுவார்கள். அதில் கேலி எதுவும் இல்லை. அதிகம் பேசமாட்டாள், யாரைப் பற்றியும் குறை சொல்லமாட்டாள், வந்த வேலையை முடித்துவிட்டுக் கிளம்பிவிடுவாள். நகரத்தில் எந்தக் கட்டடத்தில் லிஃப்ட் நின்றாலும் புகார் அவளுடைய திரைக்கு வரும். எந்த மெக்கானிக் பக்கத்தில் இருக்கிறார் என்று பார்த்து அனுப்பிவைப்பது அவள் பொறுப்பு.

அந்த அமைதிக்கு ஒரு காரணம் இருந்தது. ஏழு வயதில் வந்த காய்ச்சல் இடது காதை முழுவதுமாகவும், வலது காதில் பாதிக்கு மேலும் எடுத்துக்கொண்டு போயிருந்தது. வலது காதில் ஒரு சின்னக் கருவி மாட்டியிருப்பாள். அதைத் தலைமுடி மூடிக்கொள்ளும். ஒருவர் மட்டும் எதிரே உட்கார்ந்து நிதானமாகப் பேசினால், உதட்டையும் பார்த்துச் சமாளித்துவிடுவாள். நாலு பேர் சேர்ந்து பேசினால் எல்லாம் தண்ணீருக்கடியில் கேட்கிற சத்தம்தான்.

சொன்னால் வேலை கிடைக்காமல் போய்விடுமோ என்று நேர்காணலில் சொல்லாமல் விட்டாள். முதல் வருடம் சொல்லாததை இரண்டாம் வருடம் எந்த முகத்தோடு சொல்வது? அப்படியே எட்டு வருடம் ஓடிவிட்டது. மீட்டிங்கில் மற்றவர்கள் தலையாட்டும்போது அவளும் தலையாட்டுவாள். முடிந்தபிறகு பக்கத்தில் இருந்தவரின் குறிப்பேட்டை எட்டிப் பார்த்துக்கொள்வாள்.

நோய்த்தொற்று வந்து எல்லோரும் வீட்டுக்குள் முடங்கியபோது அலுவலகமும் வீட்டுக்கு வந்தது. படுக்கையறை ஜன்னலோரம் கிடந்த, துணி மடிக்கும் மேசையை அவள் கணவர் துடைத்துக் கொடுத்தார். அவர் பேருந்துப் பணிமனையில் டயர் பிரிவில் இருப்பவர். அவருக்கு வீட்டிலிருந்து வேலை என்ற பேச்சே கிடையாது. முதல் நாள் மீட்டிங்கில் அவள் எதையோ அழுத்தப் போய் வேறு எதையோ அழுத்திவிட்டாள். திரையின் அடியில் எழுத்துகள் ஓடத் தொடங்கின. மேலாளர் பேசப் பேச, அவர் சொன்னதெல்லாம் வரியாக விழுந்துகொண்டிருந்தது.

அவள் கண்ணை எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள். தன் மேலாளர் வாக்கியத்துக்கு ஒரு நகைச்சுவை சொல்கிற ஆள் என்பது எட்டு வருடம் கழித்து அன்றைக்குத்தான் அவளுக்குத் தெரிந்தது.

என்ன பேசுகிறார்கள் என்று புரிந்தபிறகு பேசவும் வந்தது. மூன்றாவது மாதம் ஒரு மீட்டிங்கில் வாயைத் திறந்தாள். "சார், ஆறு வாரத்துல பதினோரு கட்டடத்துல ஒரே புகார் வந்திருக்கு. கதவு பாதி மூடி நின்னுடுது. எல்லாத்துலயும் போன வருஷம் மாத்தின கதவு உருளைதான் இருக்கு." ஆள் அனுப்பிப் பார்த்தபோது அவள் சொன்னது சரி. அந்த உருளைகளை எல்லாம் கழற்றி மாற்றினார்கள். கதவுப் புகார் பாதியாகக் குறைந்தது. அடுத்த வருடம் அவளைப் புகார்ப் பிரிவுக்கே பொறுப்பாளராக்கினார்கள்.

இரண்டரை வருடம் கழித்து ஒரு மின்னஞ்சல் வந்தது. இனி திங்கள், செவ்வாய், புதன் எல்லோரும் அலுவலகம் வரவேண்டும். மற்ற நாட்கள் வீட்டிலிருந்து செய்யலாம். அதில் நியாயம் இல்லாமல் இல்லை. புதிதாகச் சேர்ந்தவர்கள் யாரிடம் என்ன கேட்பது என்று தெரியாமல் திண்டாடிக்கொண்டிருந்தார்கள். ஒரு பெண் ஏழு மாதம் வேலை பார்த்துவிட்டு, யாரையும் நேரில் பார்க்காமலேயே விலகிப் போயிருந்தாள். இதெல்லாம் அமைதி அக்காவுக்கும் தெரியும். ஆனாலும் மீட்டிங் அறையின் நீளமேசையைச் சுற்றி எல்லோரும் சேர்ந்து பேசுவதை நினைத்தபோது, இனி முடியாது என்று தோன்றியது.

அன்று சாயங்காலமே ராஜினாமாக் கடிதம் எழுதிவிட்டாள். கணவர் கைகளில் ஒட்டிய கறுப்பைத் தேய்த்துக் கழுவிவிட்டு வந்து அதை வாசித்தார். பிறகு அவள் எதிரே வந்து உட்கார்ந்தார்.

"காரணம் சொல்ற இடத்துல 'சொந்தக் காரணம்'னு போட்டிருக்க. இது உன் சொந்தக் காரணமா?"

"வேற என்னன்னு எழுதறது?"

"காது கேக்காதுன்னு எழுது."

"இத்தனை வருஷம் ஏமாத்திட்டேன்னு நினைப்பாங்க."

"நினைச்சா நினைச்சுக்கட்டும். வேலையை விடறது உன் இஷ்டம், நான் குறுக்க வரமாட்டேன். ஆனா சொல்லாமலேயே விட்டுட்டு வந்தா, அப்புறம் நீதான் உக்காந்து வருத்தப்படுவ. ஒரு தடவை சொல்லிப் பாரு. அதுக்கு மேல உன் முடிவு."

அவள் கடிதத்தை அனுப்பவில்லை. மேலாளரைத் தனியாகப் பார்த்துச் சொல்லிவிடுவது என்று ஞாயிறு முழுக்க வாக்கியங்களைத் தயார் செய்தாள். திங்கட்கிழமை காலை மேலாளர் போனும் காதுமாக உள்ளே வந்தார். நேராக மீட்டிங் அறைக்குள் போனார். வாக்கியங்கள் அவளிடமே தங்கிவிட்டன.

அறையில் ஏழு பேர். சுவரில் பெரிய திரை. திரையில் ஒரே ஒரு முகம்: மூத்த மெக்கானிக். எப்போதும் ஏதாவது ஒரு கட்டடத்தின் மொட்டைமாடி மோட்டார் அறையில் இருப்பதால் எல்லோருக்கும் அவர் 'உச்சி அண்ணன்'. மெக்கானிக்குகள் அலுவலகத்துக்கு வரும் வழக்கமில்லை. அதனால் அமைதி அக்கா அவரைத் திரையில்தான் பார்த்திருக்கிறாள்.

பேச்சு தொடங்கியது. இரண்டு பேர் ஒரே சமயத்தில் பேசினார்கள். ஒருவர் வாயைக் கையால் மூடிக்கொண்டு பேசினார். இன்னொருவர் பலகைப் பக்கம் திரும்பி, முதுகைக் காட்டிக்கொண்டு பேசினார். அவள் கண்கள் ஒரு வாயிலிருந்து இன்னொரு வாய்க்குத் தாவிக்கொண்டே இருந்தன. பத்து நிமிடத்தில் தலை வலித்தது. திடீரென்று எல்லோரும் தன்னைப் பார்ப்பதைக் கவனித்தாள். மேலாளர் ஏதோ கேட்டிருக்கிறார். 'கண் மருத்துவமனை' என்ற சொல் மட்டும் உதட்டில் பிடிபட்டது.

"இந்த மாசம் நாலு புகார் சார்" என்றாள்.

மற்றவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்த மருத்துவமனை லிஃப்ட் மறுபடி எப்போது ஓடும் என்றுதான் அவர் கேட்டிருந்தார். இது அவளுக்குப் பிறகுதான் தெரிந்தது. அவர்களுடைய முகங்களைப் பார்த்தே தப்பான பதில் சொல்லிவிட்டோம் என்று புரிந்தது. கன்னம் சூடானது.

அப்போது எல்லோர் தலையும் திரைப் பக்கம் திரும்பியது. உச்சி அண்ணன் வாயைத் திறக்கவில்லை; எழுதி அனுப்பியிருந்தார். திரையில் பெரிதாக விழுந்தது:

'சார் மன்னிக்கணும். அரை மணி நேரமா எனக்கு ஒண்ணும் கேக்கல. நீங்க எல்லாம் கிணத்துக்குள்ள உக்காந்து பேசற மாதிரி இருக்கு. யாரு பேசறாங்கன்னும் தெரியல. எல்லாரும் வீட்டுல இருந்தப்ப நல்லா இருந்துச்சு.'

அவள் அதை இரண்டு முறை வாசித்தாள். ஞாயிற்றுக்கிழமை தயாரித்த வாக்கியங்களில் ஒன்றுகூட நினைவுக்கு வரவில்லை.

"எனக்கும் கேக்கல சார்" என்றாள்.

மேலாளர் சிரித்தார். "அவரு மொட்டைமாடியில இருக்காரு. நீங்க எனக்கு எதிர்லதானே உக்காந்திருக்கீங்க."

அவள் வலது பக்கத்து முடியை ஒதுக்கிக் காதுக்குப் பின்னால் செருகினாள். கருவி எல்லோர் கண்ணிலும் பட்டது. "இந்தக் காதுல கொஞ்சம். அந்தக் காதுல சுத்தமா இல்ல. ஏழு வயசிலேருந்தே இப்படித்தான். நான்தான் சொல்லல."

மேலாளரின் சிரிப்பு நின்றது. அவளுக்கு முகம் நன்றாகத் தெரியும்படி நாற்காலியைத் திருப்பிப் போட்டு, நிதானமாகக் கேட்டார்.

"வீட்டிலேருந்து எப்படிச் சமாளிச்சீங்க?"

"பேசறது எழுத்தா ஓடும் சார். அதைப் படிச்சுக்குவேன்."

"சரி. எல்லாரும் போய் அவங்கவங்க லேப்டாப்பை எடுத்துட்டு வாங்க."

ஏழு பேரும் ஒரே மேசையில் ஏழு லேப்டாப்பைத் திறந்து வைத்துக்கொண்டு அதே மீட்டிங்கில் மறுபடி சேர்ந்தார்கள். முதலில் கூச்சல் போட்டது போல ஓர் எதிரொலி. ஒலியை நிறுத்தவேண்டியவர்கள் நிறுத்தினார்கள். ஒவ்வொருவராகப் பேசினார்கள். பெரிய திரையிலேயே எழுத்தை ஓடவிட்டார்கள். கண் மருத்துவமனையைப் பற்றி உச்சி அண்ணன் சொல்ல ஆரம்பித்தார். லிஃப்ட்டின் கயிறு தேய்ந்துபோய்விட்டது, புதுக் கயிறு வியாழக்கிழமை வந்துவிடும் என்பது அவர் சொன்னது. திரையில் விழுந்தது இது:

'வயிறு தேய்ந்து போச்சு சார். புது வயிறு வியாழக்கிழமை வந்துடும்.'

மேலாளர்தான் முதலில் வெடித்தார். அடுத்த நொடி அறையே சிரித்தது. அவளும் சிரித்தாள். எட்டு வருடமாக மற்றவர்கள் சிரிப்பதைப் பார்த்துவிட்டு, ஒரு கணம் பிந்தி, என்னவென்று தெரியாமலே உதட்டை விரித்துக்கொண்டிருந்தவள் அவள். அன்றைக்கு அவர்களோடு சேர்ந்து, அதே கணத்தில், கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள்.

மத்தியானம் மேலாளர் தன் அறைக்குக் கூப்பிட்டார். ஜன்னல் வெளிச்சம் தன் முகத்தில் விழும்படி இடம் மாறி உட்கார்ந்தார். "மேடம், ஒரு விஷயம் சொல்லணும். ஒவ்வொரு வருஷமும் உங்க மதிப்பீட்டுல 'கூட்டங்களில் ஈடுபாடு போதாது'ன்னு எழுதினது நான்தான். எட்டுத் தடவை எழுதியிருக்கேன். ஒரு தடவைகூட ஏன்னு கேக்கத் தோணல. மன்னிச்சிடுங்க."

அந்த வரியால்தான் இரண்டு முறை பதவி உயர்வு கைநழுவிப் போனது. அவளுக்குக் கோபம் வந்திருக்கலாம். கொஞ்சம் வரவும் செய்தது. ஆனால் வெளிச்சத்துக்காக அந்த மனிதர் நாற்காலியைத் தள்ளிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்த விதத்தைப் பார்த்ததும் அது நீடிக்கவில்லை.

"நானும் சொல்லலையே சார்" என்றாள்.

"நீங்க வேணும்னா முழுக்க வீட்டிலேருந்தே பாருங்க. மேலிடத்துல நான் பேசிக்கறேன்."

போன வாரம் இதைக் கேட்டிருந்தால் கையெடுத்துக் கும்பிட்டிருப்பாள். இப்போது யோசித்தாள். "ரெண்டு நாள் வரேன் சார். புதுசா சேர்ந்தவங்களுக்குப் பக்கத்துல யாராவது இருக்கணும். ஆனா மீட்டிங்னா இன்னைக்கு மாதிரிதான் நடக்கணும்."

அன்றிலிருந்து அதுவே பழக்கமானது. ஒருவர் வெளியிலிருந்து பேசினாலும் எல்லோரும் அவரவர் திரையில் வருவார்கள். முடிவானதை அன்றைக்கே எழுதி அனுப்புவார்கள். மெக்கானிக்குகளும் இப்போது மீட்டிங்கில் பேசுகிறார்கள். அவர்களிடம் இவ்வளவு விஷயம் இருப்பது முன்பு யாருக்கும் தெரியாது. இது மற்ற கிளைகளுக்கும் போனது. சில கிளைகளில் ஒரு மாதத்தில் பழைய குருடி கதவைத் திறடி என்று ஆகிவிட்டது என்றும் கேள்வி. அவளுடைய கிளையில் நிலைத்தது.

அந்தத் திங்கட்கிழமை வீட்டுக்கு வந்து கணவரிடம் நடந்ததைச் சொன்னபோது, அவர் முழுவதையும் கேட்டார். கடைசியில், "அந்த மெக்கானிக்குக்கு ஒரு நன்றி சொன்னியா?" என்றார். சொல்லவில்லை. எழுதி அனுப்ப மனம் வரவில்லை. நேரில் சொல்ல வேண்டும் என்று நினைத்தாள்.

இரண்டு மாதம் கழித்து அலுவலகக் கட்டடத்தின் லிஃப்ட்டே மக்கர் செய்தது. உச்சி அண்ணன் வந்திருக்கிறார் என்று கேள்விப்பட்டு அவள் படியேறிப் போனாள். மோட்டார் அறையில் அவர் பல்லில் ஒரு திருகாணியைக் கவ்வியபடி குனிந்திருந்தார். திரையில் பார்த்ததைவிட ஒல்லி.

"அண்ணே, அன்னைக்கு மீட்டிங்ல கேக்கலன்னு எழுதினீங்களே. நீங்க எழுதலைன்னா நான் வாயே திறந்திருக்கமாட்டேன். ரொம்ப நன்றிண்ணே."

அவர் ஏதோ சொன்னார். திருகாணிக்குப் பின்னால் வார்த்தைகள் நசுங்கின. ஒன்றும் பிடிபடவில்லை. முன்பென்றால் தலையாட்டியிருப்பாள்.

"கேக்கலண்ணே" என்றாள்.

அவர் திருகாணியை எடுத்துச் சட்டைப்பையில் போட்டார். மோட்டாரை நிறுத்தினார். எழுந்து, அவளுக்கு நேராக நின்று, முதலிலிருந்து சொன்னார். "நான் எனக்காகத்தாம்மா எழுதினேன். உங்களுக்கும் உதவியா இருந்துச்சுன்னா சந்தோஷம். வாங்க, வந்ததுதான் வந்தீங்க, லிஃப்ட் எப்படி ஓடுதுன்னு காட்டறேன்."

பத்து வருடத்துக்கு மேலாக லிஃப்ட் புகார்களைக் கையாண்டவள், ஒரு லிஃப்ட் எப்படி ஓடுகிறது என்று அன்றைக்குத்தான் பார்த்தாள்.