காதியாரின் தலையசைப்பு

சனிக்கிழமை காலையில் காதி நெய்னாரின் வீட்டுக் கேற்றில் ஒரு பை தொங்கியது. உள்ளே இறால். ஒரு கிலோவுக்குக் குறையாது. வைத்தது யார் என்று அவர் தேடவில்லை. அன்றைக்கு விசாரணைக்கு வரும் ஐந்து வழக்குக்காரர்களில் ஒருவராக இருக்கும். பையைச் சைக்கிளில் மாட்டிக்கொண்டு போய் மத்ரஸா குசினியில் கொடுத்தார். "யார் தந்ததெண்டு கேட்டா ஊர் தந்ததெண்டு சொல்லுங்க" என்றார்.

இது புதிய சங்கதி அல்ல. முப்பத்தொரு வருடம் தபாலதிபராக இருந்தவர் அவர். ஓய்வுபெற்ற பிறகு நீதிச் சேவை ஆணைக்குழு அவரைக் காதியாக நியமித்தது. நான்கு வருடமாக முஸ்லிம்களின் திருமண வழக்குகளை விசாரிக்கிறார். கைநீட்டி எதையும் வாங்குவதில்லை. புத்தளம் கரையோரத்தில் எத்தாளையிலிருந்து ஆலங்குடா வரை இது எல்லாருக்கும் தெரியும். அவருக்கும் தெரியும். தெரிந்திருப்பதில் அவருக்கு ஒரு சுகம் இருந்தது.

காதி நீதிமன்றத்துக்கெனக் கட்டடம் இல்லை. சனசமூக நிலைய மண்டபத்தில் சனிக்கிழமைகளில் ஒரு மேசையும் நான்கு கதிரைகளும் போடப்படும். அன்றைக்கு முதல் வழக்கை எழுதுவினைஞர் ஹிஸ்புல்லா வாசித்தார். எத்தாளை றிஸ்னா, கணவன் ரிப்கானிடமிருந்து ஃபஸஹ் கேட்கும் வழக்கு. ஃபஸஹ் என்பது கணவனின் குற்றத்தைக் காட்டி மனைவி கேட்கும் விவாகரத்து. மே மாதத்திலிருந்து நடக்கிறது.

றிஸ்னா முன்னால் வந்தாள். இடது கையில் முழங்கைவரை மாக்கட்டு.

"கையில என்ன புள்ள?"

"முறிஞ்சிட்டு, காதியார்."

"எப்பிடி?"

"அவர் வந்தார். கதவத் திறக்கச் சொன்னார். நான் இன்னும் அவர்ட பொஞ்சாதிதானாம். திறக்கல்ல. உடைச்சிட்டு உள்ள வந்தார்."

"எப்ப நடந்தது?"

"நீங்க தந்த தவணைக்குள்ள. போன தடவ வழக்க ரெண்டு மாசம் தள்ளி வெச்சீங்களே, அதுல முப்பத்தியாறாம் நாள்."

அவள் எண்ணி வைத்திருந்தாள்.

ரிப்கான் வந்திருக்கவில்லை. அவனுடைய சாச்சா, தகப்பனின் தம்பி அபூசாலி ஹாஜியார் கூப்பிடாமலே எழுந்தார். பள்ளிவாசல் நிர்வாக சபைத் தலைவர். நான்கு படகுகளும் மீனுக்கு ஐஸ் போடும் ஒரு வாடியும் அவருடையவை.

"பொடியன் கடலுக்குப் போயிட்டான், காதியார். இது புருஷன் பொஞ்சாதி சமாச்சாரம். கைதானே, சேந்திரும். இன்னொரு தவண போடுங்க. நாங்க பேசிச் சேத்து வைக்கிறம்."

"அவர் கடலுக்குப் போகல்ல ஹாஜியார்" என்றாள் றிஸ்னா. "சிலாபத்தில மத்தப் பொம்பளட வீட்ட நிக்கிறார். அங்கயும் கடல் இருக்குதான்."

பின்னால் யாரோ சிரித்தார்கள். நெய்னார் மேசையைத் தட்டினார். பிறகு நாட்குறிப்பைத் திறந்து திகதி தேடினார். அதைக் கண்டதும் அவள் குரல் மாறியது.

"திரும்பவும் தவணையா? கலியாண வீட்டுச் சஹன்ல தலையாட்டினீங்களே, அது இதுக்கும் சேத்தா?"

நெய்னார் பேனாவைக் கீழே வைத்தார்.

"என்ன கதைக்கிறாய் நீ?"

"ஓகஸ்ட் பதிமூணு, ஞாயிறு. ஹாஜியார்ட மகள்ட கலியாணம். நீங்களும் அவரும் ஒரே சஹன்ல கை வெச்சுச் சாப்பிட்டீங்க. பின்னால கோழி பொரிச்சது நானும் உம்மாவும். அவர் கோழியப் பிச்சு உங்கட பக்கம் வெச்சார். என்னமோ சொன்னார். நீங்க தலையாட்டினீங்க. அடுத்த சனி ரெண்டு மாசம் தவண."

நெய்னாரின் காது சிவந்தது. "வாய அளந்து கதை! நான் ஒருத்தன்ட இறால் தலை கூட வாங்கினதில்ல."

"வாங்கினதா நான் சொல்லல்லயே."

"இந்தக் கதைய வெளியில கதைச்சாய் எண்டா..."

"வெளியில கதைக்கல்ல. கொழும்புக்கு எழுதிட்டேன். உங்களக் காதியாப் போட்ட ஆணைக்குழுவுக்கு. பதிவுத் தபால்ல. பதினெட்டு நாளாச்சு."

அவர் மூன்று வாரம் தவணை எழுதினார். எழுத்து கோணியது.

*

செவ்வாய்க்கிழமை கடிதம் வந்தது. மேல்முகவரியில் அவர் பெயர், பதவி. உள்ளே இரண்டு தாள். ஒன்று, பதினான்கு நாட்களுக்குள் விளக்கம் தரும்படி ஆணைக்குழு கேட்டது. மற்றது றிஸ்னாவின் முறைப்பாட்டின் பிரதி. அப்பியாசக் கொப்பித் தாளில், இரண்டு பக்கமும் எழுதியிருந்தாள்.

'காதியார் லஞ்சம் எடுக்கிறவர் இல்லை. அதை நான் முதலில் எழுதுகிறேன். ஆனால் என் வழக்கில் எதிராளியின் சாச்சாவோடு ஒரே சஹனில் சாப்பிட்டார். அதற்குப் பிறகு தவணை நீண்டது. அந்தத் தவணைக்குள் என் கை முறிந்தது. இரண்டுக்கும் தொடர்பு இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது. அவரைக் கேட்க எனக்கு அதிகாரம் இல்லை. உங்களுக்கு இருக்கிறது.'

அவர் இருமுறை வாசித்தார். திட்டி எழுதியிருந்தால் எளிதாக இருந்திருக்கும்.

மறுநாள் மதியம் லுஹர் தொழுகைக்குப் பிறகு அபூசாலி வந்தார். தாள்கள் கோத்த ஒரு கோவையை மேசையில் வைத்தார்.

"நாப்பத்திரெண்டு கையெழுத்து. காதியார் தங்கமான மனிசன் எண்டு நிர்வாக சபை எழுதியிருக்கு. இத விளக்கத்தோட சேத்து அனுப்புங்க. கதை முடிஞ்சிது."

"அவள்?"

"அவளென்ன அவள்? மன்னார்ல இருந்து அகதியா வந்த குடும்பம். முகாம்ல பொறந்தவள். யுத்தம் முடிஞ்சு எட்டு வருஷம், அவள்ட நானா, மூத்தவன், மன்னாருக்குத் திரும்பிப் போயிட்டான், இதுகள் இன்னும் இங்கதான். தாயும் மகளும் சோறாக்கிற கலியாண வீடெல்லாம் நம்மட ஆக்கள்ட வீடு. நான் ஒரு சொல்லுச் சொன்னா அடுப்பு அணைஞ்சிரும். தானா வந்து வாபஸ் வாங்குவா."

நெய்னார் வேண்டாம் என்று சொல்லவில்லை. கோவை மேசையிலேயே கிடந்தது.

வெள்ளிக்கிழமை மாலை அஸர் தொழுகைக்குப் பிறகு அவர் விளக்கம் எழுத உட்கார்ந்தார். தபால் இலாகா பழக்கிய கை. வசனங்கள் நேராக வந்தன. மேற்படி திருமணத்துக்கு நான் அழைக்கப்பட்டது உண்மை. ஊரார் எல்லாரும் அழைக்கப்பட்டிருந்தனர். திரு. அபூசாலியுடன் ஒரே சஹனில் அமர்ந்தது உண்மை. அது எமது வழமை. வழக்கைப் பற்றி எதுவும் பேசப்படவில்லை.

அந்த இடத்தில் பேனா நின்றது.

மனைவி ஹஃபீலா தேத்தண்ணி வைத்தாள். மேசையில் கிடந்த முறைப்பாட்டை அவள் ஏற்கெனவே வாசித்திருந்தாள்.

"அந்தப் புள்ள சொன்னது மெய்யா?"

"எது?"

"தலையாட்டினீங்க எண்டு."

"சாப்பிடக்குள்ள ஆயிரம் பேர் ஆயிரம் கதைப்பாங்க. வாயில சோறு. தலைய ஆட்டத்தான் வேணும்."

"ஹாஜியார் என்ன கேட்டார்? அதச் சொல்லுங்க."

அவர் சொல்ல வாயெடுத்தார். ஞாபகம் வந்தது.

சஹன் என்ற பெரிய தட்டைச் சுற்றி ஆறு பேர். நடுவில் சோறு, சோற்றின் மேல் பொரித்த கோழி. வீட்டுக்காரர் கோழியைப் பிய்த்து ஒவ்வொருவர் பக்கமாக வைப்பார். தன் பக்கம் வந்த துண்டை ஒருவரும் தள்ளி வைப்பதில்லை. தள்ளினால் வீட்டுக்காரருக்கு அவமானம். மற்றவர்கள் முடிக்கும்வரை எழும்பவும் முடியாது. அபூசாலி தொடைத் துண்டை அவர் பக்கம் வைத்தார். வைத்துக்கொண்டே சொன்னார்: "நம்மட பொடியன்ட விசயம், கொஞ்சம் தள்ளிப் போடுங்க." உப்புப் போதுமா என்று கேட்கும் குரலில் சொன்னார். நெய்னார் தலையாட்டினார். வேண்டாம் என்று சொல்ல அது இடமாகப் படவில்லை. ஐந்து நிமிடத்தில் அதை மறந்தும் போனார்.

மறந்தது உண்மை. ஆனால் தவணை எழுதிய கையும் மறந்திருந்ததா? எழும்பிப் போய் வழக்கு நாட்குறிப்பை எடுத்து வந்தார். மே மாதத்திலிருந்து அவர் போட்ட தவணைகளை ஒரு தாளில் எழுதினார். இருபத்தொரு நாள். பதினான்கு. இருபத்தொன்று. இருபத்தெட்டு. எந்த வழக்கிலும் இருபத்தெட்டைத் தாண்டியதில்லை. ஒரு வழக்கைத் தவிர. ஓகஸ்ட் பத்தொன்பது, றிஸ்னா எதிர் ரிப்கான். ஐம்பத்தாறு நாள். காரணம் என்ற இடத்தில் 'சமாதான முயற்சி' என்று அவருடைய கையெழுத்திலேயே இருந்தது.

இருபத்தெட்டு நாள் போட்டிருந்தால் வழக்கு செப்டெம்பர் பதினாறில் வந்திருக்கும். கை முறிந்தது இருபத்துநான்கில்.

தேத்தண்ணி ஆறியது. அவர் எழுதிய தாளை மடித்து ஒதுக்கினார். புதுத் தாளில் தொடங்கினார். 'முறைப்பாட்டாளர் கூறுவது சரி. என்னிடம் கேட்கப்பட்டது. நான் சம்மதம் தெரிவித்தேன். தவணை நீண்டது அதனால்தான்.' ஐம்பத்தாறு நாள் கணக்கையும் சேர்த்தார். இந்த வழக்குக்கு வேறொரு காதியை நியமிக்கும்படி கேட்டார். தன்மீது என்ன நடவடிக்கை என்பதை ஆணைக்குழுவே முடிவு செய்யட்டும் என்று எழுதி ஒப்பமிட்டார்.

மஃரிப் தொழுகை முடிந்ததும் பள்ளி முற்றத்தில் அபூசாலியிடம் கோவையைத் திருப்பிக் கொடுத்தார்.

"இது வேணாம் ஹாஜியார்."

"ஏன்? கையெழுத்துக் காணாதா?"

"நாப்பத்திரெண்டு பேரும் நான் தலையாட்டினதப் பாக்கல்ல. பாத்தது ஒருத்திதான். அவ எழுதினது மெய். ஓமெண்டு எழுதி அனுப்பப் போறேன்."

அபூசாலி சுற்றிலும் பார்த்தார். குரலைத் தாழ்த்தினார். "உங்களுக்கு மூளை பிசகிட்டா? ஒரு தலையாட்டலுக்குப் போயி பதவிய விடுவாரா ஒரு மனிசன்?"

"அந்தத் தலையாட்டல்ல ஒரு கை முறிஞ்சிருக்கு."

"நான் முறிக்கச் சொன்னேனா?"

"இல்ல. தள்ளிப் போடச் சொன்னீங்க. நான் தள்ளிப் போட்டேன். மிச்சத்த ரிப்கான் பாத்துக்கிட்டான்."

அபூசாலி செருப்பைத் தேடினார். "இனி இந்த ஊர்ல ஒருத்தன் உங்களச் சாப்பாட்டுக்குக் கூப்பிட மாட்டான்."

"நல்லது. கூப்பிட்டாலும் வழக்கு முடியுமட்டும் வர ஏலாது. இன்னொண்டு. அந்தத் தாயும் மகளும் வேலை செய்ற அடுப்பு ஒண்டாவது அணைஞ்சுதெண்டா, அதையும் நானே எழுதி அனுப்புவேன். விலாசம் எனக்கு இப்ப பாடம்."

*

மூன்று வாரத் தவணை முடிந்த சனிக்கிழமை றிஸ்னா வந்தாள். மாக்கட்டு இன்னும் இருந்தது. அபூசாலி வரவில்லை. ஆனால் சனம் வழக்கத்தைவிட அதிகம். செய்தி பரவியிருந்தது.

நெய்னார் எழுந்து நின்று பேசினார். காதி எழுந்து நின்றதை ஹிஸ்புல்லா அன்றைக்குத்தான் கண்டார்.

"இந்த வழக்க நான் இனி விசாரிக்க ஏலாது. வேற காதி ஒருத்தரப் போடச் சொல்லி எழுதியிருக்கேன். றிஸ்னா எழுதின முறைப்பாடு சரி. நான் பிழை செஞ்சேன்."

கூட்டத்தில் முணுமுணுப்பு எழுந்தது. றிஸ்னாவின் முகத்தில் மகிழ்ச்சி தெரியவில்லை.

"புதுக் காதி வர எத்தன மாசம்?"

"தெரியாது."

"அதுக்குள்ள அவர் திரும்ப வந்து கதவ உடைச்சா?"

நெய்னார் ஒரு கடிதத்தை நீட்டினார். "புத்தளம் நீதவான் நீதிமன்றத்துக்குப் போ மகள். குடும்ப வன்முறைக்கு எதிரா அங்க பாதுகாப்புக் கட்டளை கேக்கலாம். ரிப்கான் உன்ட வீட்டு வாசலுக்கே வரப்படாது எண்டு போடுவாங்க. விவாகரத்து முடியுமட்டும் காத்திருக்கத் தேவையில்ல. எந்தெந்தத் திகதி என்னென்ன நடந்தது எண்டு இதுல இருக்கு."

அவள் வாங்கிப் பார்த்தாள். "இத மே மாசமே சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருக்கலாம்."

"ஏன் சொல்லல்ல?"

"சேத்து வைக்கிறது நல்ல காரியம் எண்டு நினைச்சேன். ஆருக்கு நல்லது எண்டு பாக்கல்ல."

ஆண்கள் உட்கார்ந்திருந்த வாங்குப் பலகையிலிருந்து ஒருவர், "காதியாருக்கு மேலயே பெட்டிசம் போடுறதெண்டா இனி ஆர் பயப்படுவா?" என்றார். நெய்னாருக்கு ஆதரவாகத்தான் சொன்னார்.

நெய்னார் அவரைப் பார்க்காமல் ஹிஸ்புல்லாவிடம் திரும்பினார்.

"ஆணைக்குழுட விலாசத்தப் பெரிய எழுத்தில எழுதி இந்த மண்டபத்தில ஒட்டுங்க."

"பெறகு ஆளாளுக்கு எழுதத் தொடங்கிருவாங்க, காதியார்."

"எழுதட்டும். பொய்யா எழுதினா விசாரிச்சுப் பாத்துத் தள்ளுவாங்க. மெய்யா எழுதினா நான் திருந்துவேன். ஒண்டும் வாங்காதவன் எண்டு இவ்வளவு காலமும் எனக்கு நானே சாட்சி சொல்லிட்டிருந்தேன். இவ எழுதியிராட்டி நான் அந்த நாட்குறிப்பில நாள எண்ணிப் பாத்திருக்கவே மாட்டேன். நீதி சொல்றவன் நல்லவனா இருந்தா மட்டும் காணாது. அவனையும் கூப்பிட்டுக் கேள்வி கேக்க ஒரு இடம் வேணும். அந்த இடம் எங்க இருக்கெண்டு சனத்துக்குத் தெரிஞ்சிருக்கவும் வேணும். அது இல்லாத ஊர்ல நல்ல காதியும் கெட்ட காதியும் ஒண்டுதான்."

ஹிஸ்புல்லா எழுதினார். எழுதி, ஆண்களின் வாங்குக்கு மேலே சுவரில் பசை தடவினார்.

"அங்க இல்ல, நானா" என்றாள் றிஸ்னா. அவளோடு பத்துப் பன்னிரண்டு பெண்கள் மண்டபத்தின் கடைசியில், தண்ணீர்த் தாங்கியின் ஓரம் நின்றிருந்தார்கள். "இந்தப் பக்கம் கொண்டு வந்து ஒட்டுங்க. எழுத வேண்டிய ஆக்கள் இங்கதான் நிக்கிறாங்க."