யுமுரி ஆற்றில் இறந்தவள்

திங்கட்கிழமை காலை நாவிதர் திபூர்சியோவைச் சிப்பாய்கள் கடையிலிருந்து இழுத்துப் போனார்கள். பாதி முகம் மழித்தபடி இருந்த ஒருவர் சோப்பு நுரையோடு தெருவில் விழுந்தடித்து ஓடினார். வேறு காலமாக இருந்தால் அந்தக் கரும்புத் தீவின் துறைமுகமான மதான்சாஸ் நகரமே சிரித்திருக்கும். அடிமைகள் கலகத்துக்குச் சதி செய்வதாகச் சொல்லி ஆட்களைப் பிடித்துக்கொண்டிருந்த 1844-ல் யாரும் சிரிக்கவில்லை. கதவுகள் ஒவ்வொன்றாகச் சாத்திக்கொண்டன.

எதிர்வீட்டு ஜன்னல் இடுக்கில் நின்று பசிலியா பார்த்துக்கொண்டிருந்தாள். அடிமைத்தனத்தைச் சாடி யாரோ எழுதிய பாட்டு அந்தக் கடை நாற்காலியின் மெத்தைக்கடியில் கிடைத்ததாம். அந்த யாரோ அவள்தான்.

பசிலியா விடுதலை பெற்ற கறுப்புத் தாய்க்குப் பிறந்தவள். அதிகாரிகளின் சட்டைகளுக்குக் கஞ்சி போட்டு இஸ்திரி போடுவது பிழைப்பு. கன்னிமாடத்தில் துணி வெளுத்த நாட்களில் எழுத்துக் கற்றுக்கொண்டாள். மாதா கோயில் பெஞ்சில் அவள் விட்டுவந்த தாள் கைமாறிக் கைமாறி நாவிதர் கடைக்குப் போயிருக்கிறது. பாட்டு எழுதுவது ஆணாகத்தான் இருக்கும் என்று விசாரணைக்காரர்கள் முடிவு கட்டியிருந்தார்கள்.

மதியம் திபூர்சியோவின் மனைவி நிகாசியா தலைவிரிகோலமாக ஓடிவந்தாள்.

"அக்கா, அவரை ஏணியில கட்டப் போறாங்களாம்! அவரே எழுதினதா ஒத்துக்கணும், இல்லேன்னா எழுதினவன் பேரைச் சொல்லணும், அதுவரைக்கும் அடிப்பாங்களாம். தெரியாத பேரை அந்த மனுஷன் எங்கேருந்து சொல்லுவாரு?"

பசிலியா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். நான்தான் என்று சொல்ல வாயெடுத்தாள்.

"யாரு எழுதினானோ, அவன் கை அழுகிப்போகட்டும்" என்றாள் நிகாசியா.

அன்று பசிலியாவால் ஒரு சட்டைக்கும் ஒழுங்காக மடிப்பு எடுக்க முடியவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை, ஒப்புக்கொண்டுவிடுவது என்று சிறைவாசல்வரை போனாள். பத்தடி இருக்கும்போது உள்ளிருந்து ஒரு அலறல் கேட்டது. திபூர்சியோவின் குரல். வழக்கமாக அந்தக் குரல் தெருவையே கேலி பண்ணும். பசிலியாவின் கால்கள் அவளைக் கேட்காமலே திரும்பின. தன்னையே காறித் துப்பிக்கொள்ள வேண்டும் போலிருந்தது. ஆனாலும் நடந்துகொண்டே இருந்தாள்.

அப்படித்தான் ஆற்றங்கரைக்கு வந்து சேர்ந்தாள். அங்கே ஒரு கரும்பாலைக்காரன் பெலேன் என்ற அடிமைப் பெண்ணை வேறொருவனுக்கு விற்றுவிட்டு, அவளுடைய மூன்று வயது மகளைத் தன்னிடமே நிறுத்திக்கொண்டிருந்தான். படகில் ஏற்றும்போது பெலேன் ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். அடுத்த நொடி, கைவிலங்கோடு யுமுரி ஆற்றில் குதித்துவிட்டாள். தண்ணீர் மூடிக்கொண்டது. "நல்ல விலைக்குப் போன சரக்கு போச்சே" என்று ஒருவன் தலையில் கைவைத்தான். குழந்தை, "அம்மா குளிக்கிறா" என்றது.

பசிலியா வீட்டுக்கு வந்து கதவைத் தாழிட்டாள். பெலேனைப் பற்றி எழுதாமல் இருக்க முடியாது என்பது மட்டும் முதலில் தெரிந்தது. நாலு வரி எழுதிய பிறகுதான் மற்றது புரிந்தது. திங்கட்கிழமையே சிறைக்குப் போனவர் செவ்வாய்க்கிழமை நடந்ததை எப்படி எழுதியிருக்க முடியும்? அதே கையெழுத்தில் இந்தப் பாட்டு ஊர் நடுவில் தொங்கினால், திபூர்சியோ எழுதவில்லை என்று கண்ணிருப்பவனுக்குத் தெரியும்.

அதே கையெழுத்தில். ஆபத்தும் அங்கேதான் இருந்தது. துணிக்கட்டுகளோடு அவள் எழுதி அனுப்பிய சீட்டுகள் பாதி அதிகாரிகள் வீட்டில் கிடந்தன. யாராவது ஒருவர் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும்.

*செவ்வாய்ப் பகலில் யுமுரி ஆற்றில்*
*செத்தவள் பெயரைச் சொல்லட்டுமா?*
*பெலேன் அவள்பேர். பிள்ளை கரையில்.*
*பேரம் நன்றாய் முடித்தீர்கள்!*
*கையில் விலங்கு பூட்டத் தெரியும்,*
*கடைசி மூச்சைப் பூட்டுவீரோ?*

புதன்கிழமை உச்சிவேளையில், ஊர் சாப்பிட்டுக் கண்ணயரும் நேரம் பார்த்து மீன்சந்தைக்குப் போனாள். அரசு அறிவிப்புகள் ஒட்டும் பலகை அங்கேதான் இருந்தது. தாள் ரவிக்கைக்குள்ளே வியர்வையில் நனைந்துகொண்டிருந்தது.

"ஏய், கூடைக்காரி! நில்லு."

சிப்பாய் ஒருவன். கண்ணெல்லாம் தூக்கம்.

"இந்த நேரத்துல எங்க சுத்தறே?"

"சட்டை கொடுக்கப் போறேங்க, ஐயா."

கூடையைக் கிளறினான். கை வெறுமனே வெளியே வந்தது. அவன் தன் சட்டைக் கழுத்தைக் காட்டினான். "ஊசி வச்சிருக்கியா? இந்தப் பொத்தான் அந்து போச்சு. சார்ஜன்ட் பார்த்தா என் தோலை உரிச்சுடுவான்."

அவன் தொண்டைக்கு ஒரு விரற்கடை தள்ளி அவள் ஊசியை ஏற்றி இறக்கினாள். மூன்று முறை தன் விரலையே குத்திக்கொண்டாள்.

"என்ன இப்படி நடுங்கறே? நான் கடிச்சுடமாட்டேன்."

"காய்ச்சலுங்க."

"அட சனியனே, எனக்கு ஒட்டிவிட்டுடாதே!" என்று பாதி தைத்த பொத்தானோடு விலகி நடந்தான்.

அவன் முனை திரும்பியதும் தாளைப் பலகையில் அறைந்து ஒட்டினாள். ஓடவில்லை. ஓடக்கூடாது, ஓடக்கூடாது என்று சொல்லிக்கொண்டே வீடுவரை நடந்து, உள்ளே போய் வாந்தி எடுத்தாள்.

மாலைக்குள் ஊர் முழுக்கப் பெலேன் பெயர்தான். தாளைக் கிழித்தெடுத்த அதிகாரி அதைப் பழைய தாளோடு ஒப்பிட்டுப் பார்த்தாராம்; இரண்டும் ஒரே கையெழுத்து. சனிக்கிழமை திபூர்சியோவை விட்டார்கள். பாட்டைக் கடையில் வைத்திருந்த குற்றத்துக்குப் பதினைந்து நாளில் தீவைவிட்டே போய்விட வேண்டும் என்ற உத்தரவோடு. முதுகில் தோல் என்று சொல்ல அதிகம் மிச்சமில்லை.

கப்பல் ஏறும் நாளில் பசிலியா துறைமுகத்துக்குப் போனாள். நிகாசியா மூட்டைகளோடு முன்னே போயிருந்தாள். திபூர்சியோ ஒரு கயிற்றுச் சுருள்மேல் சாயாமல் உட்கார்ந்திருந்தார்.

"கடைத் துண்டுகளை வெளுத்து அனுப்பறப்போ நீ வைக்கிற சீட்டையெல்லாம் எரிச்சுட்டேன், பசிலியா" என்றார் தாழ்ந்த குரலில்.

அவள் அக்கம்பக்கம் பார்த்துக்கொண்டாள். "எப்போ தெரியும்?"

"முதல் தாளைப் பார்த்த அன்னிக்கே."

"அப்படின்னா ஏணியில கட்டினப்போ..."

"அதைப் பேசாதே." முகத்தைத் திருப்பிக்கொண்டார். "நான் ஒண்ணும் வீரன் இல்ல. இன்னும் ரெண்டு அடி விழுந்திருந்தா சொல்லியிருப்பேன். அதுக்குள்ள மயக்கம் போட்டுட்டேன். நிகாசியாகிட்ட சொல்லிடாதே. அவ உன்னை மன்னிக்கமாட்டா."

பசிலியா அவர் காலடியில் குனிந்து அழுதாள். வழியனுப்ப வந்தவர்கள் எல்லோருமே அழுதுகொண்டிருந்ததால் யாரும் கவனிக்கவில்லை.

அவளை யாரும் கண்டுபிடிக்கவில்லை. ஆனாலும் அந்த வருடம் முழுவதும் கதவு தட்டப்படும் போதெல்லாம் இஸ்திரிப் பெட்டி கைநழுவியது. இடது மணிக்கட்டில் இரண்டு தழும்புகள் விழுந்தன. இன்னும் மூன்று பாட்டுகள் எழுதினாள். இரண்டை ஒட்டினாள். மூன்றாவதை எடுத்துக்கொண்டு போன நாளில் சந்தையில் சிப்பாய்கள் அதிகம் இருந்தார்கள். அதை வீட்டுக்குத் திரும்பக் கொண்டுவந்து அடுப்பில் போட்டுவிட்டாள்.