கிறகரியின் தோணி

எழுபத்து மூன்றாம் ஆண்டு மன்னாரின் பேசாலைக் கரைக்குச் சோவியத் படக்குழுவொன்று வந்தது. படத்துக்குக் கதை எழுத வந்தவர் காறல் என்ற எஸ்தோனியாக்காரர். மொஸ்கோவில் படித்துவிட்டு வேலையில்லாமல் இருந்த உப்புக்குளத்து அருட்பிரகாசத்தை அவருக்கு மொழிபெயர்ப்பாளனாக வைத்தார்கள்.

காறல் அதுவரை எழுதிய படங்களெல்லாம் கூட்டுப்பண்ணைகளைப் பற்றியவை. அவற்றில் ஒன்றைக்கூட அவர் இரண்டாம் தரம் பார்த்ததில்லையாம்.

கரையில் கருவாடு காயப்போட்டுக்கொண்டிருந்த மாக்கிறட் என்ற பெண்ணிடம் அவளுடைய கணவனைப் பற்றிக் கேட்டார்.

"கிறகரி அறுபத்து நாலு புயலில போனவர். ஆளும் வரேல்லை, தோணியும் வரேல்லை. உடுப்பை வைச்சுத்தான் அடக்கம் செய்தனாங்கள்."

அருட்பிரகாசம் அதை ரஷ்ய மொழியில் சொன்னான். காறல் மீனவரின் வாடிக் குடிசைக்குப் பின்னால் அவனை அழைத்துப்போய்த் தன் அண்ணனைப் பற்றிச் சொன்னார். யுத்தம் முடிகிற நேரம், சோவியத் படை எஸ்தோனியாவைப் பிடிக்கத் திரும்பி வருகிறதென்று பயந்து சுவீடனுக்குத் தோணியேறியவன், போய்ச் சேரவில்லை.

"நாட்டை விட்டு ஓடியவன் என்று அவன் பெயரையே சொல்லவிடமாட்டார்கள். இங்கே நடந்த கதையாக எழுதினால் யாருக்குத் தெரியும்?"

போனவன் திரும்பி வராத கதையாகவே எழுதினார். கடைசிக் காட்சிக்கு மாக்கிறட்டையே கரையில் நிறுத்தினார்கள். நடிக்கச் சொல்லவில்லை. அவள் வெறுங்கடலைப் பார்த்துக்கொண்டு நின்றாள், கமரா ஓடியது.

இரண்டு வருடம் கழித்து மன்னார்ப் படமாளிகையில் அந்தப் படத்தைக் காட்டினார்கள். சோவியத் தூதரகத்திலிருந்து ஓர் அதிகாரி வந்திருந்தார். அருட்பிரகாசம் மாக்கிறட்டைக் கூட்டிவந்து பக்கத்தில் இருத்தினான்.

திரையில் அவள் முகம் வந்தது. அடுத்து, வேறெங்கேயோ படம்பிடித்த கடலில் ஒரு தோணி வந்தது. அதிலிருந்து ஒருவன் குதித்துக் கையசைத்தான். வாத்தியங்கள் முழங்கின. சனம் கைதட்டியது.

"ஆர் தம்பி அது?" என்றாள் மாக்கிறட்.

"உங்கட மனுசனாம், அக்கா. திரும்பி வந்திட்டாராம்."

அவள் கதிரையை விட்டு எழுந்து வெளியே போனாள்.

வாசலில் அருட்பிரகாசம் காறலைப் பற்றி அதிகாரியிடம் விசாரித்தான். முடிவை மாற்ற அவர் சம்மதிக்கவில்லையாம். மொஸ்கோவில் வேறொருவர் மாற்றினாராம். படத்தில் காறலின் பெயர் இல்லை. இனி எந்தப் படத்துக்கும் எழுத முடியாது. எஸ்தோனியாவில், தாலின் நகரில், ஒரு கட்டடத்தின் அடித்தளத்தில் கொதிகலனுக்குக் கரி போடுகிறாராம்.

அவன் அதை அங்கே நின்ற மாக்கிறட்டுக்குச் சொன்னான்.

"அந்த மனுசன் ஓமெண்டு சொல்லியிருக்கலாம்," என்றாள் அவள். "செத்தவர் செத்தவர்தானே. படத்தில வந்தால் என்ன, வராட்டில் என்ன? உயிரோட இருக்கிற மனுசனை ஏன் இப்பிடிக் கெடுத்தவங்கள்? கேளும், அந்தாளிட்டக் கேளும்!"

"என்ன சொல்கிறாள்?" என்றார் அதிகாரி.

கொழும்பிலுள்ள சோவியத் செய்தி நிலையத்தில் அருட்பிரகாசத்துக்கு வேலை பார்த்துத் தருவதாக அவர் சொல்லியிருந்தார்.

"படம் பிடித்திருக்கிறதாம்," என்றான் அவன்.

அதிகாரி மகிழ்ந்துபோய் மாக்கிறட்டின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.